கோவை சரளாவின் கலைவாழ்க்கை: கொங்குப் பேச்சும் ஏட்டில் ஏறாத எழுத்தும்

தமிழ்ப் படங்களின் தொடக்கத்தில் ஓடும் பெயர்ப் பட்டியலை விடாமல் படிக்கும் பழக்கம் உள்ளவர்களுக்கு ஒன்று தெரிந்திருக்கும். நகைச்சுவைப் பகுதியை எழுதியவர் என்ற இடத்தில் ஒரு பெண்ணின் பெயரைக் காண்பது மிகமிக அரிது. திரையில் பெண்கள் சிரிக்க வைத்திருக்கிறார்கள், அதுவும் பேசும்படம் வந்த நாளிலிருந்தே. ஆனால் அந்தச் சிரிப்பை எழுதியவராக அவர்கள் எண்ணப்பட்டதில்லை. இந்த ஆய்வு எடுத்துக்கொள்ளும் பொருள் கோவை சரளாவின் கலைவாழ்க்கை. அவர் பெயர் பெற்றது நடிகையாகத்தான், எழுத்தாளராக அல்ல. இருந்தும், பேசும் விதத்தால் ஒரு வசனத்தின் பொருளையே மாற்றி அமைப்பது எழுத்தின் ஒரு பகுதிதான் என்பதை நிறுவ அவரைவிடப் பொருத்தமான சான்று கொங்கு நாட்டில் எனக்குக் கிடைக்கவில்லை.

ஆய்வை அவரிடமிருந்து தொடங்க முடியாது. அவருக்கு முன்பே அதே ஊரிலிருந்து ஒருவர் புறப்பட்டுப் போயிருக்கிறார்.

முதலெழுத்தில் இருந்த ஊர்

சி.டி. ராஜகாந்தம் என்ற பெயரின் முதல் எழுத்து கோயம்புத்தூரைக் குறிப்பது. நாடக மேடையில் பயின்று, 1930களின் இறுதியில் திரைக்கு வந்து, காளி என். ரத்தினத்துடன் இணைந்து நகைச்சுவை நடிகையாகப் புகழ் பெற்றவர் அவர். 1941இல் வெளிவந்த 'சபாபதி' படம் பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகத்திலிருந்து உருவானது. அதில் ரத்தினம் வேலைக்காரன் சபாபதியாகவும், ராஜகாந்தம் வேலைக்காரி குண்டுமுத்துவாகவும் நடித்தார்கள். படத்தை இன்று பார்ப்பவர்கள் முதலில் ரத்தினத்தின் அப்பாவித்தனத்துக்குத்தான் சிரிப்பார்கள். இரண்டாம் முறை பார்க்கும்போது, அந்த அப்பாவித்தனம் எடுபடுவதற்கு எதிரில் நிற்கும் பெண்ணின் நிதானமான, சற்றே சலித்துக்கொண்ட முகம் எவ்வளவு தேவைப்பட்டது என்பது புரியும். முட்டாள்தனத்தை அளக்க ஓர் அளவுகோல் வேண்டும், அந்த அளவுகோலாக நின்றவர் ராஜகாந்தம்.

அக்காலத்தில் திரைப்படத் தொழில் கொங்கு நாட்டுக்கு அந்நியமாக இருக்கவில்லை. கோயம்புத்தூரில் சாமிக்கண்ணு வின்சென்ட் 1914இலேயே வெரைட்டி ஹால் அரங்கைக் கட்டியிருந்தார். 1930களில் சிங்காநல்லூரில் சென்ட்ரல் ஸ்டுடியோவும், சேலத்தில் திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸும் தொடங்கப்பட்டன. பின்னர் ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா ஸ்டுடியோவும் கோவையில் வந்தது. படம் எடுப்பதற்குச் சென்னைதான் போக வேண்டும் என்ற நிலை இல்லாத அந்த இருபது முப்பது ஆண்டுகளில், இந்தப் பகுதியிலிருந்து நடிகர்களும் தொழிற்கலைஞர்களும் உருவானது இயல்பே. ஆனால் ஸ்டுடியோ இங்கே இருந்ததே தவிர, ஸ்டுடியோவுக்குள் பேசப்பட்ட தமிழ் இங்கத்தியதாக இல்லை. புராணப் படமும் ராஜா ராணிக் கதையும் மேடைத் தமிழில் ஓடின. கோயம்புத்தூர் என்ற ஊர் ராஜகாந்தத்தின் பெயரில் ஒரு முதலெழுத்தாகச் சுருங்கியிருந்ததுபோலவே அவருடைய வட்டாரப் பேச்சும் சுருங்கித்தான் இருந்திருக்க வேண்டும்.

அக்காலப் பெண் நகைச்சுவையின் அமைப்பையும் குறிப்பிட வேண்டும். அது எப்போதும் இணையாகவே வந்தது. என்.எஸ். கிருஷ்ணனோடு டி.ஏ. மதுரம், காளி என். ரத்தினத்தோடு ராஜகாந்தம் என்று ஆணின் பெயரோடு சேர்த்தே பெண்ணின் பெயர் சொல்லப்பட்டது. பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கிருஷ்ணன் சிறையில் இருந்த ஆண்டுகளில் நாடகக் குழுவைக் கலையாமல் காத்தவர் மதுரம். நாடகத்தை நடத்துவது, படம் எடுப்பது, வழக்குச் செலவுக்குப் பணம் திரட்டுவது என்று எல்லாவற்றையும் தோளில் சுமந்தவரை இன்றைக்கும் 'என்.எஸ்.கே.யின் ஜோடி' என்றே பல கட்டுரைகள் அறிமுகம் செய்கின்றன. எனக்கு இது நெடுநாள் வருத்தம்.

முன்பெயராக வந்த ஊர்

கோயம்புத்தூரில் பிறந்து வளர்ந்த சரளா 1970களின் இறுதியில் திரைக்கு வந்தார். பெயருக்கு முன்னால் 'கோவை' முழுச் சொல்லாகவே வந்து அமர்ந்தது. கோபிச்செட்டிபாளையத்தை அடுத்த வெள்ளாங்கோயிலைச் சேர்ந்த கே. பாக்யராஜ் இயக்கிய 'முந்தானை முடிச்சு' (1983) படத்தில் கர்ப்பிணிப் பெண்ணாக வந்தார். 1985இல் வெளியான 'சின்ன வீடு' படத்தில், தன்னைவிட வயதில் மூத்தவரான பாக்யராஜுக்கே தாயாக நடித்தார். இளம் பெண் ஒருவரைத் தொடக்கத்திலேயே தாயாகவும் முதியவளாகவும் நடிக்க வைத்தது அன்றைய திரையுலகின் வழக்கம்தான். நகைச்சுவைக்கு வரும் பெண்ணுக்கு இளமை என்ற ஒன்றை அது அனுமதிக்கவில்லை. ஆனால் இந்த வழக்கம் அவருக்கு ஒரு பயிற்சியையும் கொடுத்தது என்பது என் கணிப்பு. வயதான கொங்குப் பெண்களின் பேச்சையும் உடலசைவையும் கூர்ந்து கவனித்து வைத்திருந்தால் மட்டுமே அந்தப் பாத்திரங்கள் நிற்கும், அவை நின்றன.

அடுத்த பத்தாண்டு 'காமெடி டிராக்' கொடிகட்டிப் பறந்த காலம். கதைக்குத் தனி எழுத்தாளர், நகைச்சுவைக்குத் தனி எழுத்தாளர் என்று பிரித்து, சில நாள் கால்ஷீட்டில் நகைச்சுவைப் பகுதியை மட்டும் எடுத்துக் கதைக்கு நடுவே சேர்த்துவிடுவார்கள். கவுண்டமணி–செந்தில் இணையின் பெயர்பெற்ற காட்சிகள் பலவற்றை எழுதிய ஏ. வீரப்பன் இந்த முறையின் தலைசிறந்த கைகாரர். 1989இல் வந்த 'கரகாட்டக்காரன்' படத்தில் அந்த இணையோடு கோவை சரளாவும் ஆட்டக் குழுவில் ஒருவராக நின்றார். உடுமலைப்பேட்டைப் பக்கத்துக்காரரான கவுண்டமணியின் வாயில் கொங்குப் பேச்சு அதற்குள் தமிழ்நாடு முழுவதும் பழகியிருந்தது. ஆனால் அந்தப் பேச்சு ஓர் ஆண், தன்னைவிடக் கீழே நிற்பவனை அதட்டும் பேச்சு. அதே மண்ணின் பெண் பேச்சு வேறு. அதற்கு இன்னும் இடம் கிடைத்திருக்கவில்லை.

இந்தக் காலத்துப் படங்களை இன்று பார்க்கும்போது உறுத்தும் ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். பல டிராக்குகளில் பெண்ணின் நிறமும் உடலும் தோற்றமுமே நகைச்சுவைப் பொருளாக இருந்தன. அழகில்லாதவள் தன்னை அழகி என்று நினைத்துக்கொள்கிறாள் என்பதே முழு நகைச்சுவையாக நீட்டப்பட்டது. சரளாவுக்கும் அப்படிப்பட்ட காட்சிகள் வந்தன. அவற்றை அவருடைய சாதனையில் சேர்ப்பது நியாயமாகாது. அவற்றுக்குள்ளும் அவர் குரலால் ஒரு பதிலடியைக் கொடுத்தார் என்பதை மட்டும் கணக்கில் எடுத்துக்கொள்கிறேன்.

'ங்' செய்யும் வேலை

இந்த ஆய்வின் மையம் ஒரு விகுதி. கொங்குத் தமிழில் மரியாதை சொல்லின் கடைசியில் வந்து ஒட்டிக்கொள்ளும். 'வாங்க' என்பது 'வாங்' என்று மூக்கொலியில் முடியும். 'இல்லைங்க' 'இல்லீங்' ஆகும். 'ஏன்' என்ற கேள்விச் சொல்லே 'ஏனுங்' என்று மரியாதை பெற்று, மனைவி கணவனைக் கூப்பிடும் சொல்லாகவும் ஆகிவிடும். வினைச்சொல்லோடு மட்டுமல்லாமல் எந்தச் சொல்லோடும் அது சேரும்: 'நாளைக்குங்களா?', 'அந்தப் பக்கமுங்களா?' என்று சாதாரணமாகக் கேட்போம். வெளியூர்க்காரர்கள் இதைக் கேட்டு, கொங்கு மக்கள் மிகவும் பணிவானவர்கள் என்று சொல்வது வழக்கம். பணிவும் உண்டுதான். ஆனால் அந்த விகுதியின் மற்றொரு பயன் எங்கள் வீட்டுப் பெண்களுக்குத் தெரியும்.

பெருந்துறைப் பக்கத்தில் எங்கள் உறவில் ஒரு கல்யாண வீடு. முதல் நாள் மாலை, ஒறம்பரைச் சனம், அதாவது உறவினர் கூட்டம், வந்து இறங்கிக்கொண்டிருந்தது. பந்தலில் ஆண்கள் சீட்டு விளையாடிக்கொண்டிருக்க, சமையலுக்கு விறகு வந்து சேரவில்லை. என் பெரியம்மா முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டே பந்தலுக்கு வந்தார். கூட்டத்தில் இருந்த பெரியப்பாவுக்கு நேர் எதிரே நின்று, குரலை ஏற்றாமல், 'ஏனுங், உங்களுக்குக் கொஞ்சமாச்சும் அறிவு இருக்குதுங்களா?' என்று கேட்டார். வேறொன்றும் சொல்லவில்லை. சீட்டுகள் கீழே வைக்கப்பட்டன. கால் மணி நேரத்தில் விறகு வந்தது. அந்தக் கேள்வியில் ஒரு மரியாதைக் குறையும் இல்லை. இரண்டு இடத்தில் மரியாதை விகுதி முறையாக வந்திருக்கிறது. கோபித்துக்கொள்ளப் பெரியப்பாவுக்கு இலக்கணத்தில் இடமே இல்லாமல் போயிற்று.

கோவை சரளாவின் நகைச்சுவை இயங்குவது இந்த அமைப்பில்தான். அடி முதலில் விழுகிறது, மரியாதை அதன் பின்னால் வருகிறது. விகுதி வாக்கியத்தின் கடைசியில் இருப்பதால், கேட்பவர் அடியை முழுவதும் வாங்கிய பிறகே அந்தப் பணிவைக் கேட்கிறார். சரளா தம் குரலை வாக்கியத்தின் நடுவில் உச்சத்துக்குக் கொண்டுபோய், 'ங்' என்ற இடத்தில் இறக்கிவிடும்போது, வசவும் வணக்கமும் ஒரே மூச்சில் நடந்து முடிகின்றன. அடங்கிப்போன மனைவியும் அடக்குகிற மனைவியும் ஒரே வாக்கியத்தில் இருக்கிறார்கள். தாளில் எழுதப்பட்ட வசனத்தில் இந்த விகுதி இருக்கலாம், ஆனால் அதைச் சொல்லும் ஏற்ற இறக்கத்தை எந்தத் தாளிலும் எழுத முடியாது. அது அந்தப் பேச்சுக்குள் பிறந்த வாயிலிருந்து வர வேண்டும்.

1995ஆம் ஆண்டு

ஆய்வுக்கு அடிப்படையான சான்று 'சதிலீலாவதி'. பாலு மகேந்திரா இயக்கம், கிரேஸி மோகன் வசனம், கமல்ஹாசன் தயாரிப்பு. ரமேஷ் அரவிந்தும் கல்பனாவும் ஹீராவும் கதையின் முக்கோணமாக இருக்க, அதற்குப் பக்கத்தில் எலும்பு மருத்துவர் சக்திவேல் கவுண்டராகக் கமலும் அவருடைய மனைவி பழனியாகக் கோவை சரளாவும் வந்தார்கள். தமிழின் முதல் வரிசைக் கதாநாயகர் ஒருவர், நகைச்சுவை நடிகையைத் தமக்கு நேர் இணையாக வைத்துக்கொண்ட படம் அது. அவரைக் கேலிக்குரிய முறைப்பெண்ணாகவோ கதாநாயகியின் தோழியாகவோ வைக்கவில்லை, கட்டிய மனைவியாகவே வைத்தார்கள்.

படம் வந்தபோது நான் ஈரோட்டில் குடும்பத்தோடு பார்த்தேன். என் அம்மிச்சிக்கு, அதாவது அம்மாவின் அம்மாவுக்கு, சினிமாவில் பெரிய நாட்டமில்லை. இடைவேளையில் எழுந்து வெளியே போய்விடலாம் என்ற எண்ணத்தோடு வந்தவர். பழனி கணவனைக் கேள்வி கேட்கத் தொடங்கியதும், வெற்றிலையை மடித்த கை அப்படியே நின்றுவிட்டது. நகைச்சுவை என்று குறிக்கப்பட்ட இடங்களில் அவர் சிரிக்கவில்லை. அரங்கம் அமைதியாக இருந்த ஓரிரு இடங்களில், ஒரு 'ஏனுங்' கேட்டதும் தனியாகச் சிரித்தார். பிற்பாடு கேட்டபோது, 'நம்மூட்டுப் பொம்பள பேசற மாதிரியே பேசுதே' என்பதற்கு மேல் அவருக்கு விளக்கம் சொல்லத் தெரியவில்லை. இதற்கு மேல் என்ன விளக்கம் வேண்டும் என்றுதான் இப்போது எனக்கும் தோன்றுகிறது.

அந்தப் படம் வட்டாரப் பேச்சைக் கையாண்ட விதத்தில் இரண்டு செய்திகள் கவனத்துக்குரியவை. முதலாவது, கொங்குப் பேச்சு அங்கே படிக்காதவரின் அடையாளமாக வைக்கப்படவில்லை. மருத்துவரே அதைத்தான் பேசுகிறார். நகரத்துக்கு வந்த நாட்டுப்புறத்தார் பேசுவதைக் கேட்டு நகரத்தார் சிரிப்பது என்ற பழைய ஏற்பாடு அதனால் உடைந்துபோனது. கணவனும் மனைவியும் ஒரே பேச்சுக்குள் இருந்துகொண்டு ஒருவரை ஒருவர் மடக்குகிறார்கள், பார்வையாளர் அவர்கள் வீட்டுக்குள் போய்ச் சிரிக்கிறார். இரண்டாவது, வசனம் எழுதியவர் சென்னை நாடக மேடையில் சொல் விளையாட்டால் பேர் எடுத்தவர். அவருடைய வேகம் ஒரு சொல்லிலிருந்து அதன் எதிரொலிக்குத் தாவும் வேகம். கொங்குப் பேச்சின் வேகமோ இழுத்து நிறுத்தும் வேகம். இந்த இரண்டும் ஒத்துப்போயிருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. ஒத்துப்போனதற்குக் காரணம் நடிகர்கள், அதிலும் அந்தப் பேச்சைப் பிறப்பிலேயே கொண்டிருந்தவர் என்பது என் முடிவு. ஒரு கவிதையை மொழிபெயர்த்தவருக்கு அட்டையில் பெயர் போடுகிறோம். சென்னைச் சிலேடையைக் கொங்குக் குரலுக்குப் பெயர்த்தவருக்கு அப்படியோர் இடம் இல்லை.

இங்கே மனோரமாவை நினைக்காமல் இருக்க முடியாது. ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்கள், எத்தனையோ வட்டார வழக்குகள். 1992இல் 'சின்னக்கவுண்டர்' படத்தில் கொங்குத் தாயாகவும் வந்தார், அருமையாகவே செய்தார். ஆனால் மன்னார்குடியில் பிறந்த அவருக்குக் கொங்குப் பேச்சு கற்று அணிந்துகொண்ட ஒன்று, வேண்டும்போது கழற்றி வைக்கக்கூடியது. சரளாவுக்கு அது தொண்டையிலேயே இருந்தது.

அடிக்கும் மனைவி

1990களில் வி. சேகரின் குடும்பப் படங்கள் வரிசையாக வந்தன. 'வரவு எட்டணா செலவு பத்தணா', 'காலம் மாறிப்போச்சு', 'விரலுக்கேத்த வீக்கம்' ஆகியவற்றில் கோவை சரளா நடுத்தர, ஏழை வீட்டு மனைவியாகத் தொடர்ந்து வந்தார். வடிவேலுவுடனான இணை இந்தப் பத்தாண்டில்தான் வேரூன்றியது. அந்த இணையில் அடி வாங்குபவர் கணவன். தமிழ்த் திரையில் மனைவியை அறைவது கதாநாயகனின் உரிமையாகவே காட்டப்பட்டுவந்த காலத்தில், கூடத்தில் கணவனைத் துரத்தி அடிக்கும் பெண் திரையில் நின்றார். தலைகீழாக்கப்பட்ட வீட்டைப் பார்த்துச் சிரிக்கும் சிரிப்பு அது, வீடு மாறிவிட்டதால் வந்த சிரிப்பு அல்ல என்ற மறுப்பு உண்டு. அந்த மறுப்பில் உண்மை இருக்கிறது. வடிவேலுவின் முகம் வலியைக் காட்டுவதில் அவ்வளவு வல்லமை பெற்றிருந்ததால், நாளடைவில் அந்தக் காட்சிகள் அவருடைய காட்சிகளாகவே நினைவில் தங்கின என்பதும் உண்மை. இந்தக் கட்டத்தில் சரளாவின் சொல்லுக்கு இருந்த இடத்தைக் கை எடுத்துக்கொண்டது. 'சதிலீலாவதி'யில் ஒரு விகுதியால் செய்ததை இங்கே விளக்குமாற்றால் செய்ய வேண்டியிருந்தது. வருமானமும் புகழும் இந்தக் கட்டத்தில் அதிகம் வந்திருக்கலாம். கலை மதிப்பில் முந்தையதைத்தான் நான் மேலே வைப்பேன்.

என் முடிவுக்கு எதிரான சான்று ஒன்றையும் சோதித்துப் பார்க்க வேண்டும். கோவை சரளா தெலுங்கிலும் பெரிய நகைச்சுவை நடிகை. பிரம்மானந்தத்துடன் அவர் நடித்த காட்சிகளுக்கு அங்கே தனி ரசிகர்கள் உண்டு. 'ஒரி நீ பிரேம பங்காரம் கானு' படத்துக்காக ஆந்திர அரசின் நந்தி விருதும் பெற்றார். கொங்குப் பேச்சு அங்கே உதவாது. 'ங்' இல்லாத மொழியில் அவர் எப்படிச் சிரிக்க வைத்தார்? இதற்கு நான் காணும் விடை இதுதான். எந்தச் சொல்லுக்கு முன்னால் நிறுத்துவது, எந்த இடத்தில் குரலை ஏற்றி எந்த இடத்தில் விடுவது என்ற கணக்கை அவர் கொங்குப் பேச்சில் கற்றார். கற்ற பிறகு அதை வேறு மொழிக்கும் கொண்டுபோக முடிந்தது. பவானியில் ஜமுக்காளம் நெய்யப் பழகிய கை வேறு தறியிலும் நெய்யும், ஆனால் முதலில் அந்தத் தறியில் உட்கார்ந்திருக்க வேண்டும்.

விருதுப் பட்டியலை நீட்ட விருப்பமில்லை. 2008ஆம் ஆண்டுக்கான தமிழக அரசின் நகைச்சுவை நடிகை விருது 'உளியின் ஓசை' படத்துக்காக அவருக்குக் கிடைத்ததை மட்டும் குறித்துவிட்டு மேலே போகலாம்.

இணை மாறியது

ராகவா லாரன்ஸ் இயக்கி நடித்த 'காஞ்சனா' 2011இல் வந்தது. பேய்க்குப் பயந்து தாயின் இடுப்பில் ஏறிக்கொள்ளும் மகன், அவனைச் சுமக்கும் தாய் என்பதைத்தான் எல்லாரும் நினைவில் வைத்திருக்கிறார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. வீட்டுக்குள் பேய் இருக்கிறதா என்று சோதித்துப் பார்க்கும் காட்சிகளில் சரளாவோடு நிற்பவர் மருமகளாக வரும் தேவதர்ஷினி. மாமியாரும் மருமகளும் பயத்தில் ஒருவரை ஒருவர் முன்னால் தள்ளிக்கொண்டு, சண்டையிட்டுக்கொண்டே கைகோத்துக்கொள்கிறார்கள். ராஜகாந்தம் காலத்திலிருந்து ஆணும் பெண்ணுமாகவே வந்த நகைச்சுவை இணை, இங்கே இரண்டு பெண்களாக மாறியிருக்கிறது. எதிர்வினைக்கு ஓர் ஆண் முகம் தேவைப்படவில்லை. ஒருவர் அடித்தால் மற்றவர் வாங்குகிறார், அடுத்த நொடி இடம் மாறிக்கொள்கிறார்கள்.

இதைக் குறிப்பெடுத்துக்கொண்டிருந்தபோது மற்றொரு செய்தி நினைவுக்கு வந்தது. தேவதர்ஷினி பேர் பெற்றது 1990களின் பிற்பகுதியில் ஒளிபரப்பான 'விடாது கருப்பு' தொலைக்காட்சித் தொடரில். அதே தொடரில் முதியவளாக நடித்தவர் சி.டி. ராஜகாந்தம். 'சபாபதி'யில் வேலைக்காரியாக நின்ற கோயம்புத்தூர்ப் பெண், அரை நூற்றாண்டுக்கும் மேலான இடைவெளிக்குப் பிறகு, வீட்டுத் தொலைக்காட்சியில் மூதாட்டியாகத் தெரிந்தார். அவர் யார் என்று எங்கள் வீட்டில் யாருக்கும் அப்போது தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை.

2022இன் கடைசியில் வெளியான 'செம்பி' படத்தில் பிரபு சாலமன் கோவை சரளாவை வீரத்தாயி என்ற மலைவாழ் மூதாட்டியாக நடிக்க வைத்தார். பேத்திக்கு நேர்ந்த கொடுமைக்கு நியாயம் கேட்டு நடக்கும் கிழவி. சிரிப்பு இல்லை. கோவைப் பேச்சும் இல்லை. நகைச்சுவை நடிகர் ஒருவர் அழ வைத்தவுடன் 'இப்போதுதான் நடிப்பைக் காட்டியிருக்கிறார்' என்று எழுதும் வழக்கம் நம்மிடம் இருக்கிறது. அந்தப் படத்துக்கும் அப்படிப்பட்ட பாராட்டுகள் வந்தன. அவற்றை என்னால் ஏற்க முடியவில்லை. வீரத்தாயி பேசாமல் நிற்கும் இடங்களில் உள்ள அளவு, பழனி பேசி நிறுத்திய இடங்களில் ஏற்கெனவே இருந்த அளவுதான்.

கொங்கு வட்டாரச் சொற்களைத் தொகுத்து அகராதிகள் வந்திருக்கின்றன. அவை சொற்களைக் காப்பாற்றும். சொல்லும் முறையைக் காப்பாற்றாது. ராஜகாந்தத்திடம் யாரும் காட்சி காட்சியாக உட்கார்ந்து கேட்டு எழுதி வைத்த பதிவு ஒன்றுகூட என் கைக்கு எட்டவில்லை. கோவை சரளா நம்மிடையே இருக்கிறார். 'சதிலீலாவதி'யைத் திரையிட்டு, ஒவ்வொரு காட்சியிலும் நிறுத்தி, தாளில் இருந்த வசனம் எது, படப்பிடிப்புத் தளத்தில் அவர் வாயில் உருவானது எது, டப்பிங்கின்போது சேர்ந்தது எது என்று அவரிடமே கேட்டு ஒலிப்பதிவு செய்யும் வேலையைக் கோவையில் உள்ள ஒரு கல்லூரித் தமிழ்த்துறை ஒரு பருவத்துக்குள் செய்து முடிக்கலாம். முதல் கேள்வி அந்த 'ஏனுங்' பற்றியதாக இருக்கட்டும்.